வேட்டுச் சத்தம் கேட்காத ஊர்கள்

சிவகங்கை மாவட்டத்தில், மேலூரிலிருந்து திருப்பத்தூர் போகும் சாலைப் பக்கம் வேட்டங்குடி, பெரிய கொள்ளுகுடி, சின்னக் கொள்ளுகுடி என்று மூன்று கண்மாய்கள் இருக்கின்றன. மூன்றும் சேர்ந்து 38.4 ஹெக்டேர்தான். 1977-இல் அரசு இவற்றைப் பறவைகள் சரணாலயமாக அறிவித்தது. கரையோரத்து ஊர்களான கொள்ளுகுடிப்பட்டியிலும் வேட்டங்குடிப்பட்டியிலும் தீபாவளிக்கு யாரும் வெடி போடுவதில்லை. கல்யாணமானாலும் கோயில் திருவிழாவானாலும் வேட்டுக்கு இடமில்லை. அரை நூற்றாண்டாக இப்படித்தான் நடக்கிறது. ஆண்டுதோறும் வனத்துறையினர் இனிப்புப் பொட்டலங்களோடு வந்து நன்றி சொல்கிறார்கள், நாளிதழ்கள் படத்தோடு செய்தி போடுகின்றன. அந்தச் செய்திகளைப் படிக்கும்போது, மனிதர்கள் பறவைகளுக்காகச் செய்த ஒரு தியாகம் என்றும், முன்னோர் காட்டிய வழி என்றும் தோன்றும். பாராட்டத்தான் அப்படி எழுதுகிறார்கள். ஆனால் அந்தப் பாராட்டு ஊர்க்காரர்களின் அறிவைக் குறைத்துக் காட்டுகிறது. ஒலியைக் கட்டுப்படுத்தும் இந்த ஊர் விதி காலம் அறியாப் பழமையில் பிறந்ததல்ல. வெறும் இரக்கத்தில் பிறந்ததும் அல்ல. ஏரித் தண்ணீரை நம்பிப் பிழைத்த உழவர்கள், புதிது புதிதாக வந்த ஒவ்வொரு சத்தத்துக்கும் எதிராகக் கூடிப் பேசிச் செய்துகொண்ட ஏற்பாடு இது. அதன் வரலாற்றை அப்படிப் படித்தால்தான் இனி அதை எப்படிக் காப்பாற்றுவது என்பதும் விளங்கும்.

இது மிகப் பழைய வழக்கம் என்பவர்களின் கையில் வலுவான சான்று ஒன்று உண்டு. அகநானூற்றின் 4-ஆம் பாட்டு, குறுங்குடி மருதனார் பாடியது. கார்காலத்தில் தேரேறித் திரும்பி வரும் தலைவன், வழியோரச் சோலையில் பூந்தாது உண்ணும் வண்டுகள் மிரண்டுவிடக் கூடாதென்று தேர்மணிகளின் நாவைக் கட்டிவிடுகிறான். சிறகுள்ள சிற்றுயிருக்காக மனிதன் தன் சத்தத்தை அடக்கிக்கொண்டதற்கு இதைவிட நுட்பமான பதிவு கிடைப்பது அரிது. ஆனால் அதே சங்க இலக்கியத்தில் குறிஞ்சிப் பெண்கள் பரண்மேல் நின்றுகொண்டு தட்டை, குளிர், தழல் என்ற கருவிகளால் ஓசை எழுப்பித் தினைக்கதிரில் இறங்கும் கிளிகளை நாளெல்லாம் விரட்டுகிறார்கள். குறிஞ்சிப்பாட்டு அந்தக் கருவிகளைப் பேர் சொல்லி அடுக்குகிறது. தேர்மணியைக் கட்டியது ஒருவனுடைய பெருந்தன்மை. பரண்மேல் எழுந்த ஓசைதான் ஊரார் அனைவருக்கும் பொதுவான கடமை, ஏனென்றால் கதிர் போனால் அந்த வருஷத்துச் சோறு போச்சு. ஆகவே தமிழர்கள் பறவைகளை நேசித்தார்களா என்று கேட்டு எந்தப் பயனுமில்லை. எந்த இடத்தில் சத்தம் போட்டார்கள், எந்த இடத்தில் போடவில்லை, அதற்கு என்ன காரணம் என்றுதான் கேட்க வேண்டும். இன்றைக்கும் வயலில் பால்பிடிக்கும் கதிருக்கு வரும் குருவியைத் தகரம் தட்டி விரட்டுகிற கைதான், அரைக் கல் தொலைவிலுள்ள கண்மாய்க் கரையில் வெடியைக் கொளுத்தாமல் விடுகிறது. இரக்கம் ஒன்றே காரணமென்றால் இந்த வேறுபாடு வந்திருக்காது.

எழுத்துப்பூர்வமான சான்று நமக்குச் செங்கல்பட்டுச் சீமையிலிருந்து கிடைக்கிறது. மதுராந்தகத்தை அடுத்த வேடந்தாங்கல் ஏரி ஏறத்தாழ 30 ஹெக்டேர் பரப்புள்ள சிறிய ஏரி. மழை பெய்து ஏரி நிரம்பியதும் தண்ணீரிலேயே நிற்கிற கடம்ப மரங்களிலும் கருவேல மரங்களிலும் கொக்கு, நாரை, நீர்க்காகம், அரிவாள் மூக்கன், கரண்டிவாயன் எல்லாம் வந்து கூடு கட்டுகின்றன. 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் கிழக்கிந்தியக் கம்பெனிச் சிப்பாய்கள் இங்கே வந்து பறவைகளைச் சுட்டார்கள். ஊரார் கலெக்டரிடம் முறையிட்டார்கள். அப்போது செங்கல்பட்டுக் கலெக்டராக இருந்தவர் லயனல் பிளேஸ். மதுராந்தகம் ஏரிக்கரையை ராமரே காத்தார் என்ற ஏரிகாத்த ராமர் கதையில் வருகிற கலெக்டரும் இவர்தான். அவருடைய அலுவலகமான கச்சேரி அக்காலத்தில் அதே வட்டாரத்தில், கருங்குழியில் இருந்தது. 1798-இல் அவர் ஊராருக்குக் கவுல், அதாவது உறுதிப் பத்திரம், எழுதிக் கொடுத்தார். இனி இந்த ஏரியில் யாரும் பறவைகளைச் சுடக் கூடாது. 1858-இல் பின்னர் வந்த நிர்வாகம் இதை மறுபடியும் உறுதிப்படுத்தியது. இந்தியாவின் பழமையான பறவைச் சரணாலயம் என்று வேடந்தாங்கலைச் சொல்லும்போது பிளேஸின் பெயர்தான் முன்னால் வருகிறது. ஆனால் யார் யாரிடம் கேட்டார்கள் என்பதைக் கவனிக்க வேண்டும். அரசு வந்து ஊருக்குப் பறவைகளின் அருமையைச் சொல்லிக் கொடுக்கவில்லை. அரசு தானே அனுப்பிய சிப்பாய்களைத் தானே அடக்க வேண்டும் என்று ஊர் அதனிடம் கேட்டுப் பெற்றது. நில வருவாய்க்காகக் கிராமம் கிராமமாகக் கணக்கெடுத்த ஒரு கலெக்டர் அந்த முறையீட்டுக்குக் காது கொடுத்தார் என்றால், அது பறவைப் பிரியத்தினால் மட்டும் என்று நம்புவது கடினம். ஏரி செழித்தால் விளைச்சல், விளைச்சல் இருந்தால் கிஸ்தி என்பது அவருக்குத் தெரியாத கணக்கல்ல.

அந்தக் கணக்கு என்ன என்பதைச் சற்று விரிவாகப் பார்க்கலாம். ஏரியில் அடையும் பறவைகள் ஏரியில் மட்டும் இரை தேடுவதில்லை. விடிந்ததும் பல கல் தொலைவுக்குப் பறந்து, சுற்று வட்டாரத்து வயல், குட்டை, ஓடை எல்லாவற்றிலிருந்தும் மீனும் தவளையும் நத்தையும் தின்றுவிட்டு மாலையில் திரும்புகின்றன. ஆயிரக்கணக்கான பறவைகள் நான்கைந்து மாதங்கள் தண்ணீரின் நடுவே நிற்கும் மரங்களில் இருந்துகொண்டு எச்சமிட்டால், பத்து ஊர் வயல்களின் சத்து ஓர் ஏரியில் வந்து சேர்கிறது. மடையைத் திறந்தால் அந்த ஆயக்கட்டு முழுவதும் உரத் தண்ணீர் பாய்கிறது. நத்தைகுத்தி நாரை நெல் வயலின் நத்தையைத் தின்பது தனி லாபம். நெல்லை மாவட்டத்து நாங்குநேரி வட்டாரத்தில் கூந்தன்குளத்துக்காரர்கள் கோடையில் குளம் வற்றியதும் அடியில் படிந்த வண்டலை அள்ளி வயலில் போடுவார்கள். அது எச்சம் ஊறிய வண்டல். கர்நாடகத்தில் மண்டியா மாவட்டத்துக் கொக்கரே பெள்ளூரில் கூழைக்கடாக்களும் மஞ்சள் மூக்கு நாரைகளும் ஊருக்குள் வீட்டுப் புளிய மரங்களிலேயே கூடு கட்டுகின்றன. பிரசவத்துக்குப் பிறந்த வீடு வரும் பெண்கள் என்று ஊரார் அவற்றைச் சொல்கிறார்கள், மரத்தடி எச்சத்தையும் உரமாக எடுத்துக்கொள்கிறார்கள். பாசமும் பயனும் அங்கே ஒன்றை ஒன்று கெடுக்கவில்லை. பயன் இருந்ததால் பாசம் பொய்யாகிவிடாது. பாசம் மட்டுமே இருந்திருந்தால் இத்தனை தலைமுறை தாங்கியிருக்குமா என்பதுதான் என் ஐயம்.

இங்கே ஒரு கேள்வி எழும். வேடந்தாங்கல் கவுல் சுடுவதைத்தான் தடுத்தது, சத்தத்தைப் பற்றி அதில் என்ன இருக்கிறது? உழவனின் பக்கம் நின்று பார்த்தால் விடை தெரியும். ஒரு சிப்பாய் ஒரு நாளில் சுட்டுத் தின்னக்கூடியது சில பறவைகள். அந்த இழப்பால் ஏரியின் உரம் குறைந்துவிடாது. ஆனால் கூடு கட்டும் பருவத்தில் நாலு முறை துப்பாக்கி வெடித்தால் மொத்தக் கூட்டமும் எழும்பி வேறு ஏரிக்குப் போய்விடும். செத்த பறவைகளைவிட மிரண்டு போன பறவைகளால்தான் ஊருக்கு நட்டம் அதிகம். தலைவன் தேர்மணியைக் கட்டியதற்கும் ஊரார் கருங்குழிக் கச்சேரியில் போய் நின்றதற்கும் இடையே உள்ள தூரம் இதுதான். முன்னதில் ஒருவனுடைய மனம், பின்னதில் ஊரே கூடிப் போட்ட கணக்கு. இந்தக் கணக்கின் மேல்தான் பிற்காலத்து வெடிக் கட்டுப்பாடும் நின்றது.

வெடியின் காலத்தைப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். வாணவேடிக்கை தென்னாட்டுக்குப் புதிதல்ல. விஜயநகர அரண்மனை விழாக்களில் இருந்தது, கோயில் திருவிழாவில் அதிர்வேட்டு இருந்தது. ஆனால் ஒவ்வொரு வீட்டுப் பிள்ளையும் திண்ணையில் உட்கார்ந்து சரவெடியைப் பிரித்துக் கொளுத்தும் தீபாவளி சிவகாசி தந்தது. 1920-களில் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்று வந்தார்கள். பட்டாசு ஆலைகள் அதற்குப் பிறகு, 1940-களிலிருந்துதான் பெருகின. ஓலைவெடியும் லட்சுமி வெடியும் அணுகுண்டும் கிராமத்துப் பெட்டிக்கடைக்குக் கட்டுப்படியாகும் விலையில் வந்து சேர மேலும் சில காலம் பிடித்தது. ஆகவே தீபாவளிக்கு வெடி போடாமல் இருக்கும் வழக்கம் எத்தனை பழையதாக இருக்க முடியும்? வெடி வந்த பிறகுதானே வெடி போடாமல் இருக்கலாம். கொள்ளுகுடிப்பட்டியின் அரை நூற்றாண்டு இந்தக் காலக் கணக்கோடு சரியாகப் பொருந்துகிறது. ஈரோட்டுப் பக்கம் வெள்ளோடு ஏரி 1996-இல் சரணாலயமானது. அதைச் சுற்றியுள்ள சிற்றூர்கள் வெடியை விட்டு வெறும் மத்தாப்போடு நிறுத்திக்கொண்டது அதற்கும் பிறகு. கொங்கு நாட்டில் இது பேரன் பேத்திகள் காலத்து வழக்கம். முன்னோர் வழி என்று இதைச் சொன்னால், முடிவெடுத்த தலைமுறையின் உழைப்பை அவர்களுடைய பாட்டன்மார் கணக்கில் எழுதியதாகும். புதிய சத்தம் வந்ததும் பழைய ஆதாயம் கெட்டுவிடும் என்று ஊர் கண்டுகொண்டது, கூடிப் பேசி விதி செய்தது. இது முந்தைய வழக்கத்தைத் திரும்பச் செய்வதைவிட மேலானது.

விதி சரியான இடத்தில்தான் விழுந்தது என்பதைப் பறவைகளின் பக்கமிருந்தும் பார்க்க வேண்டும். அடைகிற மரத்தில் பறவைக் கூட்டத்துக்கே ஒலி ஒழுங்கு ஒன்று உண்டு. தள்ளி நின்று கேட்டால் ஒரே இரைச்சலாகத் தோன்றும் அந்தச் சத்தத்தில் பெரும்பகுதி குஞ்சுகளுடையது. வளர்ந்த நாரைகளுக்குக் குரல் அநேகமாக இல்லை. மஞ்சள் மூக்கு நாரையின் இணை இரையோடு கூட்டுக்குத் திரும்பும்போது இரண்டும் கழுத்தை நீட்டித் தாழ்த்தி மேல் அலகையும் கீழ் அலகையும் மடமடவென்று அடித்துக்கொள்கின்றன. வரவேற்பும் அடையாளமும் எல்லாம் அந்த அலகொலிதான். கூழைக்கடாவும் கரண்டிவாயனும் பெரிதான பிறகு பெரும்பாலும் பேசுவதில்லை. வக்கா மட்டும் இருட்டியதும் தன் ஒற்றைக் குரலைக் கொடுத்துக்கொண்டு இரைக்குக் கிளம்பும். ஒரே மரத்தில் பல இனங்கள், கைக்கெட்டும் தூரத்தில் கூடு கூடாக இருந்தும் ஒன்றை ஒன்று எழுப்பிவிடாமல் இருக்கின்றன, ஏனென்றால் அங்கே எழுகிற ஒலிகள் எல்லாமே அவற்றுக்கு அறிமுகமானவை. அறிமுகமில்லாத ஒரே ஒரு வெடிப்பு போதும், அத்தனையும் சேர்ந்து எழும்பும். பெரியவை கூட்டை விட்ட அந்தச் சில நிமிடங்களுக்குத்தான் காகம் காத்திருக்கிறது. பறக்கத் தெரியாத குஞ்சு பதறிக் கூட்டின் விளிம்பில் தடுமாறினால் கீழே தண்ணீர்.

இதிலும் தீபாவளியின் காலம் முக்கியம். வடகிழக்குப் பருவமழை தொடங்கி ஏரி நிரம்பும் ஐப்பசியில்தான் வேடந்தாங்கலுக்கும் வேட்டங்குடிக்கும் பறவைகள் வரத் தொடங்குகின்றன. முட்டையோ குஞ்சோ இருந்தால் தாய்ப் பறவை மிரண்டாலும் திரும்பி வரும், அதைப் பிடித்து வைக்க ஏதோ ஒன்று கூட்டில் இருக்கிறது. வந்திறங்கி மரம் தேடும் நாட்களில் அதற்கு அங்கே இழக்க ஒன்றுமில்லை. அடுத்த கண்மாய் கூப்பிடும் தூரத்தில் இருக்கிறது. ஆண்டின் மிகப் பெரிய சத்தமும் பறவைகள் இடம் தேர்வு செய்யும் நேரமும் ஒரே மாதத்தில் விழுவது தற்செயல்தான், ஆனால் அந்தத் தற்செயலைக் கவனித்து விதி செய்தது தற்செயல் அல்ல. கூந்தன்குளத்தில் காலம் சற்றுப் பிந்தும். அங்கே கூழைக்கடாவும் நாரையும் பெரும்பாலும் தை பிறந்த பிறகு கூடு கட்டிச் சித்திரை, வைகாசி வரை குஞ்சு வளர்க்கின்றன. அந்த ஊருக்குத் தீபாவளியைவிட வசந்த காலத்துக் கோயில் கொடை விழாதான் சோதனை. அங்கும் வெடியை விலக்கும் ஊர்க் கட்டுப்பாடு கொடைக்கும் பொருந்தும் என்று வைத்ததில் இந்தக் கவனம் தெரிகிறது.

பறவைகள் சத்தத்துக்குப் பழகிவிடுமே, பிறகு ஏன் இந்தப் பாடு என்று கேட்பவர்கள் உண்டு. கேள்வி நியாயமானது. நகரத்துச் சாலையோர மரங்களில், லாரியும் பஸ்ஸும் ஓயாமல் போகும் இடத்தில், வக்காவும் கொக்கும் கூடு கட்டிக் குஞ்சு பொரிக்கத்தான் செய்கின்றன. நெதர்லாந்தின் லைடன் நகரத்துச் சிட்டுகள் போக்குவரத்து இரைச்சலுக்கு மேலே கேட்கும்படி சுருதியை உயர்த்திப் பாடுவதை 2003-இல் ஓர் ஆய்வு காட்டியது. 2020-இல் ஊரடங்கின்போது சான்பிரான்சிஸ்கோவில் இரைச்சல் அடங்கியதும் அங்குள்ள குருவிகள் மெதுவாகப் பாடத் தொடங்கின, ஆனாலும் அவற்றின் பாட்டு முன்னைவிடத் தொலைவுக்குக் கேட்டது. இவையெல்லாம் ஓயாத, மாறாத இரைச்சலுக்குப் பாடும் பறவைகள் கண்டுகொண்ட வழிகள். பாடாத நாரைக்குச் சுருதியை மாற்றும் வழி கிடையாது. அதைவிட முக்கியம், ஆண்டுக்கு ஒரு நாள் திடீரென்று வெடிப்பதற்கு எந்தப் பறவையும் பழகிக்கொள்ள முடியாது, பழகுவதற்கு அடுத்தடுத்து நடக்க வேண்டுமே. நெதர்லாந்தில் மழை பார்க்கும் ரேடாரின் பதிவுகளை வைத்து மூன்று புத்தாண்டு இரவுகளை ஆராய்ந்து 2011-இல் வெளியிட்டார்கள். நள்ளிரவில் வாணவேடிக்கை தொடங்கிய சில நிமிடங்களில் பறவைகள் ஆயிரக்கணக்கில் எழும்பி 500 மீட்டர் உயரம் வரை போயிருக்கின்றன. நீர்நிலைகளுக்கும் புல்வெளிகளுக்கும் மேலேதான் கூட்டம் மிக அதிகம். அமெரிக்காவின் ஆர்கன்சா மாநிலத்தில் பீப் என்ற சிற்றூரில் 2010 டிசம்பர் 31 இரவு வாணவெடிக்கு மிரண்டு இருட்டில் எழும்பிய செஞ்சிறகுக் கரும்பறவைகள் வீடுகளிலும் மரங்களிலும் மோதி ஆயிரக்கணக்கில் விழுந்து செத்தன. ரேடார் இல்லாமலேயே நம் ஊர்க்காரர்கள் கண்டுகொண்டதை இந்தப் பதிவுகள் உறுதி செய்கின்றன.

அடுத்த மறுப்பு, சட்டம்தான் இருக்கிறதே என்பது. உண்மையில் நிறைய இருக்கிறது. வெடித்த இடத்திலிருந்து 4 மீட்டரில் 125 டெசிபலைத் தாண்டும் வெடி தயாரிக்கவே கூடாது. 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள் அமைதி மண்டலத்தில் பகலில் 50, இரவில் 40 டெசிபலுக்கு மேல் போகக் கூடாது என்கின்றன. 2005-இல் உச்ச நீதிமன்றம் இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை வெடிச் சத்தத்தைத் தடை செய்தது. 2018-இல் தீபாவளி வெடிக்கு இரண்டு மணி நேரம் என்று வரையறுத்தது, தமிழ்நாட்டில் அது காலை 6 முதல் 7, மாலை 7 முதல் 8 என்று பிரிக்கப்பட்டது. 1972-இன் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் சரணாலயத்துக்குள் வன உயிருக்குக் கேடு செய்யும் வெடிபொருளைத் தடுக்கிறது. இத்தனை இருந்தும் கண்மாய்க் கரைக்கு வெளியே ஊர்த் தெருவில் மாலை 7 மணிக்குக் கொளுத்தும் அணுகுண்டை இவற்றில் எதுவும் தடுக்காது. சட்டம் மனிதக் காதுக்கும் மனிதத் தூக்கத்துக்கும் அளவெடுத்துத் தைத்தது. பறவை அடையும் மாலை நேரமே அதில் அனுமதிக்கப்பட்ட நேரமாகிவிட்டது. நாரைக்கு எது அதிகச் சத்தம் என்று டெசிபல் அட்டவணை சொல்லாது, கரையில் நாற்பது வருஷம் நின்றவருக்குத் தெரியும். அரசு அமலாக்கத்துக்கு ஆள் தேடுகிறது. ஊரிலோ, யார் வீட்டுப் பையன் வெடி வாங்கினான் என்பது வெடிக்கும் முன்பே தெரிந்துவிடும்.

இந்த வலிமையிலேயே ஒரு கடுமையும் இருக்கிறது, அதை மறைக்கக் கூடாது. ஊர்க் கட்டுப்பாடு என்ற பெயரில் தமிழ்க் கிராமங்களில் நடந்த கொடுமைகள் கொஞ்சமல்ல. தெருவைப் பிரித்ததும் கிணற்றைப் பிரித்ததும் அதே ஊர்க்கூட்டம்தான். பறவையைக் காக்கும் விதியின் சுமையும் எல்லார் தோளிலும் ஒரே மாதிரி விழவில்லை. பறவை பிடித்தும் வேட்டையாடியும் பிழைத்த நரிக்குறவர்களுக்கு ஏரித் தண்ணீரில் பங்கில்லை. அவர்களைப் பொறுத்தவரை முதலில் ஊரின் தடையும் பிறகு 1972-இன் சட்டமும் பிழைப்பைப் பறித்தன, ஆதாயம் நிலம் உள்ளவனுக்குப் போயிற்று. இந்தக் குறை உண்மையானது, அதை ஈடுசெய்யும் கடமையிலிருந்து அரசு தப்ப முடியாது. ஆனால் இதை வைத்து வெடித் தடையையே ஊரின் அடக்குமுறை என்பது பொருந்தாது. வெடி போடாததால் யாருடைய வயிறும் காயவில்லை, யாரும் இன்னாரென்று ஒதுக்கப்படவில்லை, பணக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்கும் அதே விதிதான். ஒரு கட்டுப்பாட்டின் தரத்தை அது யாருக்கு விலக்கு அளிக்கிறது என்பதை வைத்துத்தான் அளக்க வேண்டும். இந்த ஊர்களில் விலக்கு இல்லாததே விதி நிலைத்ததற்குப் பெரிய காரணம் என்று நினைக்கிறேன். பிள்ளைகளின் மகிழ்ச்சி போகிறதே என்ற வருத்தம் எனக்கும் புரிகிறது. ஆனால் அந்தப் பிள்ளைகளுக்கு வீட்டு வாசலிலிருந்து கரண்டிவாயனைப் பார்க்கும் பாக்கியம் கிடைக்கிறது, வேறெந்த ஊர்ப் பிள்ளைக்கும் அது எளிதில் வாய்க்காது.

என் வாதத்துக்கு எதிரான மிகக் கடினமான கேள்வி வேறு. எச்ச உரத்துக்காகத்தான் இந்த ஏற்பாடு என்றால், யூரியா மூட்டை வந்த பிறகு அது ஏன் கலையவில்லை? பசுமைப் புரட்சிக்குப் பின் கண்மாய்த் தண்ணீரின் சத்தை நம்பி யாரும் நடவு செய்வதில்லை. கொள்ளுகுடிப்பட்டியின் வெடித் தடை வளர்ந்ததே ரசாயன உரம் எங்கும் பரவிய காலத்தில்தான். ஆகவே பயன் என்ற காரணம் மட்டும் போதாது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் பயன் உரத்தோடு முடிந்துவிடவில்லை, உருமாறியது. பறவை வந்தால் மழை நன்றாகப் பெய்யும், வராவிட்டால் பஞ்சம் என்று ஊரில் சொல்கிறார்கள். ஏரி நிரம்பிய ஆண்டில் பறவை வருகிறது என்ற அனுபவத்தின் மறுபக்கம் அது. கண்மாய் சரணாலயமானதும் ஊரின் பேர் நாளிதழில் வந்தது, வெளியூர்க்காரர்கள் தேடி வந்தார்கள், பெண் கொடுக்க வந்த சம்பந்தி வீட்டாரிடம் சொல்லிக்கொள்ள ஒன்று கிடைத்தது. ஒரு காலத்தில் வயலுக்குப் பாய்ந்த லாபம் இப்போது ஊரின் மதிப்பாகப் பாய்கிறது. மதிப்பு லேசான பொருள் அல்ல, அதற்காக மனிதர்கள் உரத்தைவிட அதிகம் விட்டுக்கொடுப்பார்கள். ஆனால் அது உரம் போலத் தானாக வந்து சேராது. கொண்டாடினால் இருக்கும், மறந்தால் இரண்டு தலைமுறையில் கரைந்துவிடும்.

அதனால்தான் தியாகம் என்ற புகழ்ச்சியோடு நிற்பது ஆபத்து என்கிறேன். தியாகத்துக்குக் கைம்மாறு வேண்டாம் என்பது நம் மரபு. ஒப்பந்தம் என்றால் இரண்டு தரப்புக்கும் கடமை உண்டு. 1798-இல் அரசு அதைப் புரிந்துகொண்டு எழுதிக் கொடுத்தது. இன்று ஊர்கள் தங்கள் பக்கத்தை நிறைவேற்றுகின்றன, அரசின் பக்கம் இனிப்புப் பொட்டலத்தோடு நிற்கிறது. வேடந்தாங்கலைச் சுற்றி 5 கிலோமீட்டர் பாதுகாப்பு இருப்பதை 2020-இல் 3 கிலோமீட்டராகச் சுருக்க முன்மொழிந்தபோது எழுந்த எதிர்ப்பு, மறுதரப்பு எவ்வளவு எளிதில் பின்வாங்கக் கூடும் என்பதைக் காட்டியது. புதிய சத்தங்களும் வந்துகொண்டிருக்கின்றன. கல்யாண ஊர்வலத்தின் டிஜே பெட்டி, அகலமாகும் சாலையின் காற்று ஒலிப்பான், படம் பிடிக்கக் கூட்டின் மேலேயே பறக்கும் டிரோன் ஆகியவை பழைய வெடித் தடையில் சேராதவை. ஊர்க்கூட்டம் இவற்றையும் பேசி முடிவெடுக்கும், இதுவரை அப்படித்தான் செய்திருக்கிறது. வெளியூரிலிருந்து வரும் டிரோனையும் லாரியையும் மட்டும் ஊரால் தடுக்க முடியாது. ஒலி மாசு விதிகளில் மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம் தவிர வேறு இடங்களையும் அமைதி மண்டலமாக அறிவிக்க வழி இருக்கிறது. கிராம சபை தீர்மானம் போட்டு அனுப்பினால், அதை ஏற்று ஏரிக்கரையையும் ஊர்த் தெருவையும் சேர்த்து ஆட்சியர் அறிவிக்கலாம். ஊர் கேட்க, அரசு எழுதிக் கொடுக்கும் பழைய முறைதான் அது.

அதைவிட அவசரமானது தண்ணீர். 2016-இல் வடகிழக்குப் பருவமழை தமிழ்நாட்டில் 60 விழுக்காட்டுக்கு மேல் பொய்த்தது. அப்படிப்பட்ட ஆண்டில் ஊர் எவ்வளவு அமைதியாக இருந்தாலும் பறவை வராது, இந்த ஏரிகளில் நீர் நடுவே நிற்காத மரத்தில் அது பொதுவாகக் கூடு கட்டத் துணியாது. மழை நம் கையில் இல்லை. ஆனால் பெய்த மழை கண்மாய்க்கு வந்து சேருவது வரத்துக்காலைப் பொறுத்தது, அதில் ஆக்கிரமிப்பை எடுப்பதும் சீமைக் கருவேலம் புதரை வெட்டுவதும் தூர் வாருவதும் அரசின் நேரடி வேலை. ஊராரே கூடிக் கண்மாயைப் பராமரித்த குடிமராமத்து ஓய்ந்து அந்தப் பொறுப்பை அரசு ஏற்றுக்கொண்டு ஒரு நூற்றாண்டுக்கு மேலாகிறது. வேட்டங்குடி, கொள்ளுகுடிக் கண்மாய்களின் வரத்துக்கால்களை ஒவ்வொரு ஆண்டும் ஆவணி முடிவதற்குள் சுத்தம் செய்து கொடுத்தால், ஐப்பசியில் கொண்டுபோகும் இனிப்போடு சேர்த்துக் கொடுக்க ஊருக்குச் சேர வேண்டிய ஒன்று அரசின் கையில் இருக்கும்.